சிவப்பு முக்காட்டுக்குள் ஓநாய்: தேவதைக் கதைப் பேய்ப் பொம்மைகளில் எதை வாங்கலாம்?

பாரிஸிலிருந்து லீவுக்கு வரும் சித்தியின் பெட்டியில் சாக்லேட்டுக்கு அடுத்தபடியாகப் புதுச்சேரிப் பிள்ளைகள் தேடுவது பொம்மையைத்தான். அப்படி வந்து சேர்ந்த பொம்மைகளில் ஒரு வகை வீட்டுப் பெரியவர்களை ஒரு நிமிடம் நிறுத்தி வைக்கும். பார்பி மாதிரி ஒல்லியான உடம்பு, பளபளக்கும் உடை, உயரமான செருப்பு. முகத்தைப் பார்த்தால் கோரைப்பல், கன்னத்தில் தையல், தலையில் ஓநாய்க் காது. "இதைப் போய் பிள்ளைக்கு வாங்கித் தரலாமா?" என்பது முதல் கேள்வி. "சரி, வாங்குவதென்றால் எந்த வகை?" என்பது இரண்டாவது. எனக்கு இரண்டாவது கேள்விதான் முக்கியம்.

முதல் கேள்விக்குச் சுருக்கமாகவே பதில் சொல்லிவிடலாம். மாசி மாதம் மயானக் கொள்ளையில் அங்காளம்மன் வேடத்தை அப்பா தோளில் உட்கார்ந்து பார்த்த பிள்ளைகள் இவர்கள். சூரசம்ஹாரத்தில் யானைத் தலை விழுந்து, சிங்கத் தலை விழுந்து, கடைசியில் சூரன் தலை வரும்வரை கண் இமைக்காமல் நிற்பவர்கள். எங்கள் பக்கம் காட்டேரிக்கே படையல் போடும் குடும்பங்கள் இருக்கின்றன. பத்தரை அங்குல ரத்தக்காட்டேரிப் பெண்ணைப் பார்த்து இந்த ஊர்ப் பிள்ளை நடுங்காது.

இனி எந்த வகை என்று பார்ப்போம். தேவதைக் கதையையும் பேயையும் சேர்த்துப் பிசைந்த பேஷன் பொம்மைகளில் மூன்றை எடுத்துக்கொள்கிறேன்.

ஒன்று, மேட்டல் நிறுவனம் 2010இல் கொண்டுவந்த மான்ஸ்டர் ஹை. திகில் கதை அரக்கர்களின் பிள்ளைகள் எல்லாரும் ஒரே பள்ளியில் படிக்கிறார்கள்: ட்ராகுலாவின் மகள் ட்ராகுலாரா, ஃப்ராங்கன்ஸ்டைன் வழி வந்த ஃப்ராங்கி ஸ்டைன், ஓநாய் மனிதர் வீட்டுப் பெண் கிளாடீன். இந்த மூவரையும் தேவதைக் கதை நாயகிகளாக வேடம் கட்டவைத்து 'ஸ்கேரிலி எவர் ஆஃப்டர்' என்று ஒரு வரிசை வந்தது. ஃப்ராங்கி சின்ட்ரெல்லா ஆனாள், ட்ராகுலாரா ஸ்னோ ஒயிட் ஆனாள், கிளாடீன் சிவப்பு முக்காட்டுச் சிறுமி ஆனாள். இரண்டு, வாவ்வீ நிறுவனம் 2012இல் விட்ட ஒன்ஸ் அப்பான் எ ஸோம்பி. ரோபோசேப்பியன் என்ற ரோபோ பொம்மையால் பேர் வாங்கிய அதே வாவ்வீதான். இதில் ஸ்னோ ஒயிட், சின்ட்ரெல்லா, ரபுன்ஸல் போன்றவர்கள் நடைப்பிணங்களாக வருகிறார்கள். மூன்று, மேட்டல் 2013இல் தன் பேய்ப் பள்ளிக்கு இன்னொரு பக்கமாகத் திறந்த எவர் ஆஃப்டர் ஹை. இங்கே படிப்பவர்கள் தேவதைக் கதை மனிதர்களின் பிள்ளைகள்.

மூன்றையும் அளக்க நான் வைத்திருக்கும் கோல் இதுதான்: பொம்மையின் பயங்கரம் அந்தக் கதைக்குள்ளிருந்து வருகிறதா, மேலே பூசிய சாயமா? இதில் நான் கறாராக இருப்பதற்குக் காரணம் உண்டு. இந்தக் கதைகளுக்குப் பயங்கரத்தை வெளியிலிருந்து கடன் வாங்கவேண்டிய அவசியமே கிடையாது. பிரெஞ்சு எழுத்தாளர் சார்ல் பெரோ 1697இல் பாரிஸில் அச்சிட்ட சிவப்பு முக்காட்டுச் சிறுமியின் கதையில் காப்பாற்ற வேட்டைக்காரன் வருவதில்லை. ஓநாய் பாட்டியைத் தின்கிறது, பேத்தியைத் தின்கிறது, கதை அங்கேயே முடிகிறது. (டச்சுக்காரர்கள் பிடித்து வைத்திருந்த புதுச்சேரியைப் பிரெஞ்சுக்காரர்களுக்குத் திருப்பித் தரச்சொன்ன ரிஸ்விக் ஒப்பந்தமும் அதே 1697இல்தான் கையெழுத்தானது. இந்த ஊரில் பெரோவின் கதையைப் பிரெஞ்சிலேயே படித்து வளர்ந்த வீடுகள் இன்றும் இருப்பதால் இதைச் சொல்லத் தோன்றியது.) கிரிம் சகோதரர்கள் 1812இல் வெளியிட்ட ஸ்னோ ஒயிட்டில் அந்தப் பெண்ணைக் கொல்லச் சொல்பவள் சிற்றன்னை அல்ல, பெற்ற தாய். 1819ஆம் ஆண்டுப் பதிப்பில்தான் அவளைச் சிற்றன்னையாக மாற்றினார்கள். மகளின் நுரையீரலும் ஈரலும் என்று நம்பி உப்புப் போட்டுச் சமைத்ததை அவள் சாப்பிடுகிறாள். முடிவில் பழுக்கக் காய்ச்சிய இரும்புச் செருப்பை மாட்டிக்கொண்டு சாகும்வரை ஆடுகிறாள். இவ்வளவும் கதையிலேயே இருக்கும்போது பொம்மை செய்கிறவர் எதை எடுத்துக்கொள்கிறார் என்று பார்க்கவேண்டும் அல்லவா?

இந்தக் கோலில் முதலில் விழுவது ஒன்ஸ் அப்பான் எ ஸோம்பி. சவ நிறத் தோல், வெளிறிய முகம், அதற்குமேல் இளவரசி உடை. ஸ்னோ ஒயிட் ஏன் நடைப்பிணம் ஆனாள்? ஆப்பிளைத் தின்று கண்ணாடிப் பெட்டிக்குள் செத்துக் கிடந்தவள் எழுந்து வருகிறாள் என்பதால் அவளுக்கு மட்டும் அது பொருந்துகிறது. அதை நான் மறுக்கவில்லை. தூங்கும் அழகி கதையில் நூறு ஆண்டு தூங்கி எழுந்தவளுக்கும் ஓரளவு பொருந்தும். சின்ட்ரெல்லா கதையில் யாரும் செத்து எழவில்லையே, அவளுக்கு எதற்கு அந்தத் தோல்? எல்லாருக்கும் ஒரே நோய் வந்த மாதிரி ஒரே சாயத்தைப் பூசிவிட்டால் எல்லாக் கதையும் ஒரே கதையாகிவிடும். அலமாரியில் வரிசையாக நிறுத்தினால் அழகுதான். கையில் எடுத்த பிள்ளைக்கு அடுத்து என்ன சொல்லி விளையாடுவது என்று தெரியாது.

மான்ஸ்டர் ஹை வரிசையில் ஃப்ராங்கியைப் பாருங்கள். உடம்பெல்லாம் தையல். பழைய அச்சில் வந்த பொம்மைக்குக் கையும் முழங்கையும் கழன்று வரும், கார்ட்டூனிலும் அவள் கை தனியாகக் கழன்று ஓடும். அவளைக் கொண்டுபோய்ச் சின்ட்ரெல்லா ஆக்கியது சும்மா இல்லை. கிரிம் சொன்ன சின்ட்ரெல்லாவில், செருப்புக்குள் கால் நுழைய ஓர் அக்காள் கட்டைவிரலை வெட்டிக்கொள்கிறாள், இன்னொருத்தி குதிகாலை வெட்டிக்கொள்கிறாள். ஒருவருக்குப் பொருந்தும் அளவுக்குள் இன்னொருவர் உடம்பை வெட்டி நுழைக்கும் கதை அது. அதற்கு நாயகியாகப் பல துண்டுகளைத் தைத்துச் செய்த பெண்ணே வருகிறாள். ஒன்று கழன்றால் மாட்டிக்கொண்டு போய்விடுவாள், யாருக்காகவும் வெட்டிக்கொள்ள மாட்டாள். வடிவமைத்தவர்கள் இவ்வளவு யோசித்தார்களோ என்னவோ, பொம்மை கையில் இருந்தால் இந்த விளையாட்டு தானாக வருகிறது. ட்ராகுலாராவும் அப்படித்தான். ரத்தம் என்ற பேச்சைக் கேட்டாலே மயங்கி விழும் சுத்த சைவக் காட்டேரி அவள், வயது 1600. அப்படிப்பட்டவளை ஸ்னோ ஒயிட் ஆக்கி ஆப்பிள் முன்னால் நிறுத்தினால், பழம்தான் சாப்பிடுவேன் என்று இருப்பவளுக்குப் பழத்திலேயே விஷம் வைக்கிறார்கள் என்று கதை புதிதாகத் திரும்புகிறது.

இதே வரிசையில் கிளாடீனை எனக்கு அவ்வளவாகப் பிடிக்கவில்லை. ஓநாய்ப் பெண்ணுக்கே சிவப்பு முக்காட்டைப் போட்டுவிட்டார்கள். பார்த்த உடனே புன்னகை வருகிறது, அதற்குமேல் ஒன்றும் இல்லை. தின்ன வந்ததும் அவளே, தின்னப்படப் போகிறவளும் அவளே என்றால் காட்டில் வேறு யார் இருக்கிறார்கள்?

அந்தக் கேள்விக்கு எவர் ஆஃப்டர் ஹை சரியான பதில் வைத்திருக்கிறது. அதில் செரீஸ் ஹூட் என்று ஒரு பெண் வருகிறாள். அம்மா சிவப்பு முக்காட்டுச் சிறுமி, அப்பா அந்த ஓநாய். அவர்கள் கல்யாணம் செய்துகொண்டது ஊருக்குத் தெரியக்கூடாது. மகள் எப்போதும் முக்காட்டோடு திரிகிறாள், உள்ளே ஓநாய்க் காது இருப்பதால். அவளுக்கு வரும் வேகமும் பசியும் அப்பா வழி. பேய்ப் பொம்மை என்ற பெயரே இல்லாத வரிசையில், நான் பார்த்தவற்றிலேயே உண்மையான பேய்க்கதை இதுதான் என்பேன். இரண்டு குலத்துக்கு நடுவே பிறந்து, ஒரு பாதியை மறைத்துக்கொண்டு பள்ளிக்கூடம் போகும் பிள்ளையின் மனசு எப்படி இருக்கும் என்று நம் ஊரில் யாருக்கும் விளக்கவேண்டியதில்லை. பொம்மை விளையாட்டுக்குள் இந்த விஷயம் வந்துவிட்டதே என்று எனக்கு உண்மையிலேயே சந்தோஷம்.

அந்தப் பள்ளியின் மற்ற கதையும் வலுவானது. பிள்ளைகள் எல்லாரும் ஒரு நாள் பெரிய புத்தகத்தில் கையெழுத்துப் போட்டு, அம்மா அப்பா வாழ்ந்த கதையையே நானும் வாழ்வேன் என்று உறுதி சொல்லவேண்டும். ஸ்னோ ஒயிட்டின் மகள் ஆப்பிள் ஒயிட் அதற்காகவே காத்திருக்கிறாள். விஷம் வைத்த ராணியின் மகள் ரேவன் குவீன் கையெழுத்துப் போட மாட்டேன் என்கிறாள். இந்த இரண்டு பொம்மையும் கையில் இருந்தால் ஒரு மழைநாள் முழுக்கப் பேசிக்கொண்டே விளையாடலாம். என் அக்கா மகள் ரேவனைக் கொலுவின் பூங்காவில், பண்ருட்டிச் செட்டியார் பொம்மைக்குப் பக்கத்தில் உட்கார வைத்தாள். ஆயா கேட்டார், "இவ யாரும்மா, கறுப்பு உடுப்புல?" அவள் சொன்னாள், "அம்மா கெட்டவங்க ஆயா, இவ கெட்டவளாக மாட்டேன்னுட்டா." ஆயா அந்தப் பொம்மையை எடுக்கச் சொல்லவில்லை.

கதைக் கணக்கில் எவர் ஆஃப்டர் ஹை முந்துகிறது. உடம்புக் கணக்கு வேறு. மேட்டலின் இரண்டு வரிசையிலும் பெரும்பாலான பொம்மைகளுக்கு முழங்கை, மணிக்கட்டு, முழங்கால் மடங்கும். உட்கார வைக்கலாம், கை கோக்க வைக்கலாம். 2022இல் மான்ஸ்டர் ஹை புது அச்சில் திரும்ப வந்தபோது எல்லாருக்கும் ஒரே ஒல்லி உடம்பு என்பதையும் விட்டுவிட்டார்கள். ட்ராகுலாரா பூசினாற்போல் இருக்கிறாள், ஃப்ராங்கிக்கு ஒரு கால் செயற்கைக் கால். கிளாடீனும் புதுக் கதையில் பாதி மனுஷி, பாதி ஓநாய். செரீஸின் வலி இப்போது இவளுக்கும் வந்துவிட்டது, முன்னைவிட நல்ல பாத்திரமாகிவிட்டாள்.

கடற்கரை ஊர்க்காரர்கள் கவனிக்கவேண்டியது முடி. மேட்டலின் இந்தப் பழைய பொம்மைகள் பலவற்றில் முடி நிற்பதற்காகத் தலைக்குள் பசை வைத்திருப்பார்கள். நாளாக ஆக அது வேர்க்கால் வழியே கசியும். நம் வெக்கையிலும் ஈரக் காற்றிலும் முடி பிசுபிசுத்து அழுக்கை இழுத்துக்கொள்ளும். பாத்திரம் கழுவும் சோப்பில் அலசிக் காயவிட்டு, வேர்ப்பக்கம் டால்கம் பவுடர் தூவிச் சீவினால் கொஞ்ச நாளைக்குத் தாங்கும். திரும்பவும் கசியும், திரும்பவும் செய்யவேண்டும். எவர் ஆஃப்டர் ஹை வாங்குகிறவர்கள் இந்த வேலைக்குத் தயாராக இருங்கள், ஏனென்றால் அந்த வரிசை நின்றுபோய்விட்டது. கிடைப்பதெல்லாம் பழைய சரக்கு.

விலையைப் பற்றி ஒன்று. பொம்மை இறக்குமதி வரி 2020இல் 20 சதவீதத்திலிருந்து 60 ஆனது, 2023இல் 70 ஆனது. 2021 ஜனவரி முதல் இங்கே விற்கும் பொம்மைக்கு ஐஎஸ்ஐ முத்திரையும் கட்டாயம். பெட்டியில் அந்த முத்திரை இருக்கிறதா என்று பார்த்துக் கடையில் வாங்குவது மான்ஸ்டர் ஹையின் புது அச்சுக்கு மட்டும்தான் நடக்கிற காரியம். சண்டே மார்க்கெட்டில் காந்தி வீதி நடைபாதையில் முகம் மட்டும் ஒத்துப்போகும் நகல்கள் தொங்கும். முழங்கையை மடக்கிப் பாருங்கள், மடங்காவிட்டால் பெரும்பாலும் நகல்தான்.

ஆக, என் யோசனை இப்படி. ஏழெட்டு வயதுப் பிள்ளை, தினமும் தூக்கிப்போட்டு விளையாடும் என்றால் மான்ஸ்டர் ஹை புது அச்சில் ஃப்ராங்கியோ கிளாடீனோ. கதை சொல்லிக்கொண்டே விளையாடும் பிள்ளை, பத்து வயதுக்குமேல், பொருளைப் பத்திரமாக வைத்துக்கொள்ளும் என்றால் தேடிப்பிடித்து செரீஸ் ஹூட், கூடவே ரேவன். ஸ்கேரிலி எவர் ஆஃப்டர் ஃப்ராங்கி எங்காவது கண்ணில் பட்டால் உங்களுக்கே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். ஸோம்பி இளவரசிகளுக்குப் பணம் போடவேண்டாம்.

பழைய பொம்மையைப் படம் பார்த்து வாங்கும்போது இரண்டு கையும் மணிக்கட்டோடு இருக்கிற படத்தைத் தனியாகக் கேட்டு வாங்குங்கள். கழன்று தொலைந்த கை மட்டும் தனியாகக் கிடைப்பது கஷ்டம்.