லாரி பேக்கர் முறை வீடு: குடியிருந்து பார்த்த அனுபவம்

திருவனந்தபுரத்தில், குறைந்த செலவு வீடுகளுக்குப் பெயர்பெற்ற கட்டடக் கலைஞர் லாரி பேக்கரின் முறையில் கட்டிய வீட்டில் பத்து ஆண்டுகளுக்கும் மேலாகக் குடியிருக்கிறோம். பேக்கர் 2007-இல் மறைந்துவிட்டார். அவருடைய முறையில் தேர்ந்த பொறியாளர் ஒருவரும் கொத்தனார்களும் கட்டிக்கொடுத்த வீடு இது. செலவு குறையுமா என்றுதான் எல்லோரும் முதலில் கேட்கிறார்கள். குறையும். ஆனால் இந்த வீட்டை நான் விரும்புவதற்குக் காரணம் வேறு.

பொறியாளர் முதல்நாள் வரைபடத்தோடு வரவில்லை. காலையில் யார் முதலில் எழுவார்கள், இரவில் யார் விழித்திருந்து படிப்பார்கள், அம்மா காய்கறி நறுக்குவது எங்கே என்று கேட்டுக்கொண்டே இருந்தார். அம்மாவுக்கு மூட்டுவலி என்றதும், உட்கார்ந்து எழச் சொல்லிப் பார்த்தார். சமையலறை ஜன்னலடியில் செங்கல்லிலேயே ஒரு திண்ணை வந்தது. வழக்கமான திண்ணையைவிடச் சற்று உயரம். கையூன்றாமல் எழுந்துவிடுவார். சின்ன வெங்காயம் உரிப்பதும் பக்கத்து வீட்டாரோடு பேச்சும் இன்றுவரை அங்கேதான். வீட்டில் குடியிருக்கப் போகிறவர்களின் அன்றாடத்தை அறிந்துகொண்டே பேக்கர் வரைவார் என்பார்கள். அதன் பலனை அம்மா எழுந்து நிற்கும்போதெல்லாம் பார்க்கிறேன்.

சுவர்கள் ‘ராட் ட்ராப் பாண்ட்’ (எலிப்பொறிக் கட்டு) முறையில் கட்டியவை. செங்கல்லைப் படுக்க வைக்காமல் குத்துக்கல்லாக நிறுத்தி, நடுவே வெற்றிடம் விட்டு அடுக்குவார்கள். ஏறத்தாழ 25 சதவீதம் செங்கல் மிச்சம். உள்ளிருக்கும் காற்று வெப்பத்தைத் தடுக்கிறது. ஏப்ரல் மதியத்திலும் கூடத்தில் மின்விசிறி போதும். கூரைக் கான்கிரீட்டின் இடையிடையே பழைய மங்களூர் ஓடுகளைப் பதித்ததால் சிமெண்டும் கம்பியும் குறைந்தன.

தொல்லைகளும் உண்டு. வெற்றிடச் சுவரில் கனமான அலமாரியைத் தொங்கவிட முடியாது. ஆணி பிடிமானமில்லாமல் ஆடும். டிவி, கீசர் வரும் இடங்களை முன்பே சொல்லிவிட்டால் அங்கு மட்டும் உள்ளே நிரப்பிக் கட்டுவார்கள். சிமெண்ட் பூச்சு இல்லாத சுவரில் மழைச்சாரல் படும் பக்கம் பாசி பிடிக்கிறது. ஆண்டுதோறும் தேய்த்துக் கழுவ வேண்டும். நன்றாக வெந்த செங்கல் கிடைக்காத ஊரில் பூச்சைத் தவிர்க்காதீர்கள்.

செங்கல் ஜாலியைப் பற்றி, அதாவது ஜன்னலுக்குப் பதிலாக இடையிடையே துளை விட்டு அடுக்கும் செங்கல் சுவரைப் பற்றி, தனியாகச் சொல்ல வேண்டும். பகலில் காற்று தாராளம். தெருவிலிருந்து உள்ளே எதுவும் தெரியாது. இரவில் விளக்குப் போட்டால் நிலைமை தலைகீழ். படுக்கையறைக்கு மூங்கில் திரை வாங்கினோம். உள்பக்கம் கொசுவலை கட்டாயம். ஒவ்வொரு துளையிலும் ஒட்டடை சேரும். வாரம் ஒருமுறை துடைப்பம் எடுக்க முடியாதவர்கள் ஜாலியைக் குறைத்துக்கொள்வது நல்லது.

வேலை மெதுவாகத்தான் நடக்கும், கூலியின் பங்கு அதிகம். சிமெண்டுக்கும் இரும்புக்கும் போகும் பணம் உழைப்பவர் கைக்குப் போகட்டும் என்பதே பேக்கரின் எண்ணம். எனக்கும் அதில் முழு உடன்பாடு.

முடிவெடுக்கும் முன் திருவனந்தபுரம் தம்பானூர் பஸ் நிலையத்தருகே அவர் கட்டிய இந்தியன் காபி ஹவுஸுக்குப் போய் உட்கார்ந்து பாருங்கள். சுழன்று ஏறும் சரிவை ஒட்டி, மேசையும் இருக்கையும் கட்டடத்தோடு சேர்ந்தே இருக்கும். உச்சிவெயில் நேரத்தில் போவது நல்லது, உள்ளே வெப்பம் எப்படி இருக்கிறது என்று அப்போதுதான் தெரியும்.

அடுத்த ஆண்டு கீழ்த்தளத்தில் அம்மாவுக்காக ஓர் அறை சேர்க்கிறோம், சக்கர நாற்காலி திரும்பும் அளவுக்குக் குளியலறையோடு. அதே கொத்தனாரிடம்தான் சொல்லியிருக்கிறோம்.