கீல் எந்தப் பக்கம்?

இந்த முறை விடுப்பு மூன்று வாரம். செய்ய வேண்டிய வேலைகளின் பட்டியலில் கடைசியாக இருந்தது வேலிக்கு மரக்கதவு. ஒரு நாள் வேலைதானே என்று நினைத்திருந்தேன். கிளம்புகிற அன்று காலைதான் முடிந்தது.

வேலி போகிற இடம் சரிவு. கதவு வர வேண்டிய நாலடி அகலத்துக்குள்ளேயே தரை ஏழு அங்குலம் இறங்கிவிடுகிறது.

முதலில் வந்த தச்சர் சின்ன வயசுக்காரர். சொன்ன நாளைக்கு மறுநாள் வந்துவிட்டார், அதுவே பெரிய விஷயம். டேப்பை நீட்டி அகலத்தையும் இரண்டு பக்க உயரத்தையும் அளந்தார், செல்போனில் நாலு படம் எடுத்தார், முன்பணம் வாங்கிக்கொண்டு போனார். நாலாம் நாள் கதவு வந்தது. குறை சொல்ல முடியாத வேலை. மேல்சட்டம் மட்டமாக, அடிச்சட்டம் தரையின் சாய்வுக்கு ஏற்பச் சரிந்து, மூடினால் அடியில் இரண்டு விரல் இடைவெளி ஒரே சீராக. அம்மாவுக்கு ரொம்பத் திருப்தி.

திறந்து பார்த்தோம். பாதிகூடத் திறக்கவில்லை, கதவின் மூலை மண்ணில் கொத்திக்கொண்டு நின்றுவிட்டது.

"அடியில அறுத்துடலாம்ணே" என்றார். அறுத்தால் திறக்கும்தான். ஆனால் மூடும்போது இறக்கப் பக்கத்தில் ஏழு அங்குலத்துக்கும் மேல் சந்து விழும். அம்மா எட்டிப் பார்த்துவிட்டு, "ஆட்டுக்குட்டி நுழையறதுக்கா கதவு போடறோம்?" என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்று போனவர்தான், அப்புறம் போனை எடுக்கவே இல்லை. எனக்கு மீதியிருந்தது ஒன்பது நாள்.

அம்மா விசாரித்துப் பெரியவர் ஒருவரைப் பிடித்தார். அவர் கதவைத் தொடக்கூட இல்லை. டியூபில் தண்ணீர் நிரப்பி இரண்டு தூணுக்கும் மட்டம் பிடித்தார். கதவின் அகலத்துக்கு ஒரு குச்சியை ஒடித்து, ஒரு முனையைக் கீல் தூணில் வைத்துக்கொண்டு, மறுமுனை போகிற வழியெல்லாம் குதிகாலால் மண்ணில் கீறிக்கொண்டே போனார். கால்வட்டம் விழுந்தது. கோடு போகப் போகத் தரை ஏறுவது எனக்கே தெரிந்தது.

"கதவு மேல குத்தமில்ல தம்பி. கீலு மேட்டுப் பக்கம் இருக்கு. பள்ளத்துப் பக்கம் மாத்துனா சரியாயிடும்."

யோசித்தால் எளிய விஷயம். கீல் மேட்டில் இருந்தால், கதவின் நீண்ட முனை பள்ளத்திலிருந்து கிளம்பி மேட்டை நோக்கித் திரும்புகிறது. இடிக்காமல் என்ன செய்யும்? கீலைப் பள்ளத்தில் வைத்தால் குட்டையான முனைதான் வெளியே வீசும். அது மேட்டிலிருந்து கிளம்பித் தாழ்ந்த தரைக்கு மேலே போகும், திறக்கத் திறக்க அடியில் இடம் கூடும். மூடினால் அதே இரண்டு விரல். கூடவே ஒரு லாபம்: கதவின் பள்ளத்துப் பக்கத்துச் செங்குத்துச் சட்டம் நீளம் என்பதால் இரண்டு கீலுக்கும் நடுவே தூரம் கிடைக்கிறது, மேல்கீலை இழுக்கும் பாரம் குறைகிறது.

அதே கதவு, அதே பலகைகள். மாற்றியது குறுக்குச் சட்டத்தை மட்டும். மரத்தில் போடும் குறுக்குச் சட்டம், கீல் பக்கத்து அடிமூலையிலிருந்து தாழ்ப்பாள் பக்கத்து மேல்மூலைக்கு ஏற வேண்டும். அப்போதுதான் தொங்கப் பார்க்கும் முனையை அது அடியிலிருந்து முட்டுக்கொடுத்துத் தாங்கும். பழைய சட்டத்தைத் திருப்பி வைத்தால் நீளம் போதவில்லை. புதிதாக ஒன்று அறுத்தார். கீல்களில் இருந்த சிறு திருகாணிகளைக் கழற்றி எறிந்துவிட்டு, மரத்தை ஊடுருவும் துத்தநாகப் பூச்சுப் போல்ட்டுகளை முடுக்கினார்.

நாள் தின்றது தூண். பள்ளத்துப் பக்கம் இருந்தது தாழ்ப்பாள் மாட்டுவதற்கான ஒல்லித் தூண், கதவின் பாரத்தைத் தாங்காது. முதல் தச்சர் மேட்டுப் பக்கத்தைத் தேர்ந்தெடுத்ததே அங்கே சுவரோடு சேர்ந்த கெட்டித் தூண் இருந்ததால்தான் போலிருக்கிறது. பள்ளத்துப் பக்கம் புதிதாக நட்ட ஆறடித் தூணில் இரண்டடி மண்ணுக்குள் போனது. குழியின் அடியில் ஜல்லி, சுற்றிலும் கான்கிரீட். மழைத் தண்ணீர் இறங்கி வந்து நிற்கிற பக்கம் என்பதால், கான்கிரீட்டின் தலையைத் தூணிலிருந்து வெளிப்பக்கம் சரித்துப் பூசினார். தூக்குக்குண்டு பிடித்து இரண்டு முகத்திலும் பார்த்தார். தரை எப்படிச் சாய்ந்தாலும் தூண் நேராகத்தான் நிற்க வேண்டும், இல்லாவிட்டால் கதவு தானாகவே திறந்துகொள்ளும், அல்லது மூடிக்கொள்ளும்.

அஞ்சு நாளாவது ஆகாமல் கதவை மாட்ட மாட்டேன் என்றுவிட்டார். எனக்கு டிக்கெட் போட்டாயிற்று என்றேன். "கான்கிரீட்டுக்கு அது தெரியுமா தம்பி?" என்றார். விடுப்பில் போகிறவர்கள் தூண் வேலையை முதல் வாரத்திலேயே முடித்துவிடுங்கள், மற்றதெல்லாம் எப்படியும் நடந்துவிடும்.

கிளம்புகிற காலையில் வந்து மாட்டினார். தாழ்ப்பாள் நாக்கு விழும் துளையை மட்டும் மேலும் கீழுமாக நீட்டி வெட்டியிருந்தார். ஏன் இவ்வளவு பெரிசு என்று கேட்டதற்கு, "மரம் மழைக்கு ஊதும், வெயிலுக்குச் சுருங்கும், கொஞ்சம் தொங்கவும் செய்யும்" என்று சொல்லிவிட்டு உளியைத் துடைத்தார்.

போன வாரம் வீடியோ காலில் அம்மா காட்டினார். நாலு நாள் மழையில் பலகை ஊதி, நடுவில் விட்டிருந்த இடைவெளி மூடியிருந்தது. நாக்கு துளைக்குள் கொஞ்சம் கீழே தள்ளி விழுந்தது. வெளியே ஆடு நின்றுகொண்டிருந்தது.