சுருள்முடி வெட்டும் கிளிப்பருக்குக் காந்த மோட்டாரா, சுழல் மோட்டாரா?

காந்த மோட்டார் கிளிப்பர் மலிவு, வேகம்; இழுவிசை கம்மி. அடர்ந்த சுருள்முடியில் ஒரே மூச்சாக நுழைத்தால் திணறி முடியைப் பிடுங்கும். கடகடவென்று அதிர்ந்தால் பக்கவாட்டுத் திருகை, சத்தம் அடங்கும்வரை மெல்லத் திருப்புங்கள். அமெரிக்க 60 ஹெர்ட்ஸ் மாடலை நம்மூரில் ஓட்ட வேண்டாம்: டிரான்ஸ்பார்மர் வோல்டேஜைக் குறைக்குமே தவிர, நம்மூர் மின்சாரத்தின் 50 ஹெர்ட்ஸை மாற்றாது.

சுழல் மோட்டார் மெதுவாக ஓடினாலும் சிக்கலில் நிற்காது. மொத்தமாகக் குறைக்க இதுவே மேல். கனம்தான் தொல்லை, மணிக்கட்டு வலிக்கும். கார்பன் பிரஷ் (மோட்டாருக்குள் மின்சாரம் கடத்தும் கரித்துண்டு) உள்ள மாடலில் அது தேய்ந்தால் வேகம் தளரும், ஜோடியாக மாற்றுங்கள்.

எதுவானாலும் முடியை அலசி, உலர்த்தி, சிக்கெடுத்த பிறகே வெட்டு. பிளேடுக்கு 2, 3 சொட்டு கிளிப்பர் எண்ணெய் போதும். தேங்காய் எண்ணெய் பிசுக்காகிவிடும். ஓடும் பிளேடின் பல்நுனி நிலைப்பிளேடுக்குச் சுமார் 1 மி.மீ. பின்னே இருக்கட்டும். முன்னே வந்தால் தோல் கீறும்.