வீட்டில் நகை கழுவ 2 லிட்டர் அல்ட்ராசோனிக் கிளீனர்: வாங்கலாமா?

கொலுசின் சலங்கைக்குள்ளும் செயின் கண்ணிகளுக்கு நடுவிலும் இறுகிப்போன மஞ்சள், குங்குமம், எண்ணெய்ப் பிசுக்கை பிரஷ் எட்டாது. அந்த இடுக்குகளுக்காக இதைத் தாராளமாக வாங்கலாம். ஆனால் வீட்டிலிருக்கும் எல்லா நகையையும் இதில் போட முடியாது.

இங்கே சொல்வது 40 கிலோஹெர்ட்ஸ், 60 வாட், 2 லிட்டர் ரகத்தைப் பற்றி. ஸ்டீல் தொட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் பீசோ வட்டுகள் (மின்சாரம் பாய்ந்தால் அதிரும் பீங்கான் வட்டுகள்) ஒத்ததிர்ந்து, நொடிக்கு 40,000 முறை தண்ணீரின் அழுத்தத்தை ஏற்றி இறக்கும். காதுக்கு எட்டாத இந்த ஒலியலையில் நுண்குமிழ்கள் உண்டாகி உடையும்போது அழுக்கு பெயர்கிறது. பேட்டரியில் ஓடும் மலிவான பெட்டிகள் சிலவற்றில் சாதாரண மோட்டார்தான் இருக்கும்; அவற்றால் பயனில்லை.

வாங்கியதும் சமையலறை அலுமினியத் தாளால் சோதித்துவிடுங்கள். ஒரு துண்டை அடி தொடாமல் தண்ணீரில் செங்குத்தாகத் தொங்கவிட்டு ஒரு நிமிடம் ஓட்டுங்கள். தாளில் குழிகளும் பொத்தல்களும் விழ வேண்டும். அவை வரிவரியாக விழுந்தால் கோளாறு இல்லை: தண்ணீரில் இந்த ஒலியின் அலைநீளம் சுமார் 3.7 செ.மீ., அதனால் ஏறக்குறைய 1.8 செ.மீ.க்கு ஒரு இடத்தில் தாக்கம் கூடும். நகையைப் பாதி நேரத்தில் கொஞ்சம் நகர்த்தி வைக்கச் சொல்வதும் இதனால்தான். ஒரு பக்கம் மட்டும் பொத்தல் விழுந்து மறுபக்கம் தாள் அப்படியே இருந்தால் வட்டில் கோளாறு இருக்கலாம். உடனே மாற்றி வாங்குங்கள்.

15 × 13.5 × 10 செ.மீ. தொட்டியில் விளிம்புவரை ஊற்றினால்தான் 2 லிட்டர். 7 செ.மீ. உயரத்துக்கு, அதாவது 1.4 லிட்டர் போதும். போர் தண்ணீர் வேண்டாம், உப்பு படியும். கொதிக்கவைத்து 50 டிகிரிக்கு ஆறிய தண்ணீர் மிக நல்லது. கரைந்திருந்த காற்று கொதியிலேயே பெரும்பாலும் வெளியேறிவிடும். குழாய்த் தண்ணீர் என்றால் காற்று வெளியேற 10 நிமிடம் வெறுமனே ஓட்ட வேண்டும், இல்லாவிட்டால் அந்தக் காற்றே ஒலியின் வலிமையைத் தின்றுவிடும். இதிலுள்ள 100 வாட் ஹீட்டரை நம்ப வேண்டாம்: 30 டிகிரியிலிருந்து 50-க்கு ஏற்ற 20 நிமிடத்துக்குக் குறையாது. பாத்திரம் கழுவும் லிக்விட் ஒரு டீஸ்பூன் விட்டு, நகையைக் கூடையில் வைத்து 3 முதல் 5 நிமிடம் ஓட்டுங்கள். அடியில் நேரடியாகப் போட்டால் நகையும் தேயும், தொட்டியும் தேயும். எலுமிச்சை, புளி, பிளீச்சிங் கரைசல் ஸ்டீலை அரிக்கும். பெட்ரோல், தின்னர் தீப்பிடிக்கும். அவற்றை ஒருபோதும் ஊற்றாதீர்கள்.

முத்து, பவளம், மரகதம், ஓபல் ஆகியவற்றை இதில் போடவே கூடாது. முத்தும் பவளமும் மென்மையானவை. மரகதத்தின் விரிசல்களில் நிரப்பிய எண்ணெய் வெளியேறிவிடும். ஆக, நவரத்தின மோதிரத்துக்கு இடமில்லை. பழைய அட்டிகை, ஜிமிக்கி, கெம்பு நகைகளில் உள்ளே அரக்கு இருக்கும், சூட்டில் இளகும். பின்பக்கம் மூடிய கல்லுக்குள் தண்ணீர் இறங்கினால் அடித்தகடு கறுத்து கல்லின் ஒளியே போய்விடும். பின்புறம் திறந்த வைர மூக்குத்திக்கு இது அருமையான கருவி. பிடி தளர்ந்திருந்தால் கல் கழன்று விழும், எனவே தண்ணீரைக் கொட்டுமுன் டீ வடிகட்டியில் வடியுங்கள். மூக்குக் கண்ணாடிக்குச் சூடில்லாத தண்ணீரில் 2 நிமிடம் போதும். பூச்சு ஏற்கெனவே வெடித்திருந்தால் உரிந்து வரும்.

வெள்ளியின் கறுப்பு இதில் போகாது. அது அழுக்கல்ல, வெள்ளி கந்தகத்தோடு சேர்ந்து உண்டாகும் சல்பைடு. அலுமினியத் தாள், சோடா உப்பு, வெந்நீர் வைத்தியம்தான் அதற்கு.

பெரிய குறை, இந்த அளவில் பெரும்பாலும் வடிகுழாய் இருப்பதில்லை. பிளக்கைக் கழற்றிவிட்டு, காற்றுத் துளை இல்லாத பக்கமாகச் சாய்த்துக் கொட்ட வேண்டும். சீறல் சத்தம் இயல்புதான், மூடி போட்டால் குறையும். நாய்க்கும் பூனைக்கும் 40 கிலோஹெர்ட்ஸ் கேட்கும், அவற்றுக்கு எட்டத்தில் வையுங்கள். தண்ணீரில்லாமல் ஒரு நிமிடம்கூட ஓட்டாதீர்கள். வட்டை ஒட்டிய பசை சூட்டில் விட்டுப்போனால் வீட்டில் சரிசெய்ய வழியில்லை.