மணப்பாடு வழியாகக் குமரிக்கு: எட்டுப் பேர், ஒரு வேன்

"சொந்த ஊரைப் பார்க்க 2,400 ரூபாயா?" என்று சித்தி கேட்டபோது என்னிடம் பதில் இல்லை. பாளையங்கோட்டையில் பிறந்து வளர்ந்தவள் நான். திருச்செந்தூருக்கு எத்தனை முறை போயிருப்பேன் என்று கணக்கே கிடையாது. காதுகுத்து, மொட்டை, கந்த சஷ்டி, இல்லையென்றால் யாருக்கோ நேர்ந்துகொண்ட நேர்ச்சை. ஒவ்வொரு முறையும் சாமி கும்பிட்டு, நாழிக் கிணற்றில் குளித்து, சில்லுக்கருப்பட்டி வாங்கிக்கொண்டு வந்த வழியே திரும்பியதுதான். அதற்குத் தெற்கே கடற்கரை எப்படி வளைந்து குமரி வரை போகிறது என்று ஒருநாளும் பார்த்ததில்லை. லண்டனுக்குப் போய் இருபது வருடம் கழித்து, பள்ளி விடுமுறைக்குப் பதினாறு வயது மகளோடு வந்திருந்த 2025 ஜூலையில்தான் அந்த ஆசை பிடித்துக்கொண்டது.

கார் வைத்துக்கொண்டு போயிருக்கலாம். ஆனால் எங்கள் வீட்டில் கார் வருகிறது என்று தெரிந்தால் மதினி ஏறுவாள், அத்தை ஏறுவாள், போகிற வழியில் குரும்பூரில் ஒரு துக்க வீடு விசாரிக்க வேண்டியிருக்கும். திருச்செந்தூரிலேயே சாயங்காலம் ஆகிவிடும். அதனால்தான் ஒருநாள் சுற்றுலாவாக, வழிகாட்டியோடு, எட்டுப் பேருக்கு மேல் ஏற்றாத ஒரு வேனில் இடம் பிடித்தேன்.

பிடிப்பதற்குள் பட்ட பாட்டையும் சொல்லிவிடுகிறேன். வாட்ஸ்அப்பில் கேள்வி கேட்டால் அரை மணி நேரத்தில் பதில் வந்தது. முழங்கால் வலி உண்டா, மீன் சாப்பிடுவீர்களா, வெயில் தாங்குமா என்றெல்லாம் அவர்களே விசாரித்தார்கள். அதுவரை அருமை. முன்பணம் 500 ரூபாய் என்றதும் வண்டி நின்றுவிட்டது. யுபிஐ மட்டும்தான். என்னுடைய பிரிட்டன் கார்டு ஆகாது, வங்கிக் கணக்குக்கு அனுப்புகிறேன் என்றாலும் ஆகாது. தெருமுனை இளநீர்க்காரர்கூட மரத்தில் கியூஆர் அட்டையைக் கட்டித் தொங்கவிட்டிருக்கும் ஊரில், கைநிறைய நோட்டு வைத்திருந்த நான் சித்தி மகன் பின்னால் போனும் கையுமாக அலைந்தேன். வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களை நம்பி நடக்கும் தொழிலில் இது ஏன் இன்னும் யாருக்கும் உறைக்கவில்லை என்று தெரியவில்லை.

காலை ஆறு மணிக்கு வண்ணாரப்பேட்டை என்றார்கள். ஐந்து ஐம்பதுக்கே வேன் நின்றது. எங்கள் இருவரோடு பெங்களூரிலிருந்து வந்த இளம் தம்பதி, அம்பாசமுத்திரத்து ஓய்வுபெற்ற ஆசிரியரும் அவர் மனைவியும், மலேசியாவின் ஈப்போவிலிருந்து வந்த அண்ணன் தங்கை. வழிகாட்டி உவரிப் பக்கத்துப் பெண், இருபத்தைந்து வயது இருக்கலாம். மைக் இல்லை, ஸ்பீக்கரில் பாட்டு இல்லை. முன் சீட்டில் திரும்பி உட்கார்ந்து, எல்லோருக்கும் கேட்கும் அளவுக்குப் பேசினாள். என் மகளிடம் "தமிழா, இங்கிலீஷா?" என்று கேட்டாள். "தமிழ், ஆனால் மெதுவாக" என்றாள் மகள். நாள் முழுக்க அந்தப் பெண் அதை மறக்கவில்லை.

தாமிரபரணிக்கரை வாழைத் தோட்டங்களைத் தாண்டித் திருச்செந்தூர் வந்ததும் முதல் வழக்கு. ஜூலை 7 அன்றுதான் கும்பாபிஷேகம் முடிந்திருந்தது, ஊரே திரண்டு நின்றது. கோவில் தரிசனம் பயணத்தில் இல்லை என்பதை முன்பே எழுதி அனுப்பியிருந்தார்கள். ஆனாலும் ஆசிரியர் விடவில்லை. "முருகனைத் தாண்டிப் போவதா? அதுவும் ஆடி வெள்ளியில்?"

"உள்ளே போனால் மூன்று மணி நேரம் ஆகும் ஐயா. கோபுரம் தெரிகிற இடத்தில் பத்து நிமிடம் நிறுத்தச் சொல்கிறேன்" என்றாள் அவள். சொன்னபடி நிறுத்தினாள். புது வண்ணத்தில் ஒன்பது நிலைக் கோபுரம், 137 அடி. ஆசிரியர் சட்டைப்பையிலிருந்து சூடத்தை எடுத்துச் சாலையோரத்துக் கல்லின் மேல் வைத்தார். கடற்காற்றில் மூன்று தீக்குச்சி வீணானது. நான்காவதற்கு ஈப்போ அண்ணன் லைட்டர் கொடுத்தார். அதன் பிறகு அந்த வேனில் யாரும் யாருக்கும் அந்நியர் இல்லை.

இந்தப் பயணத்துக்குக் கொடுத்த பணம் இரண்டு இடங்களில் எனக்குத் திரும்பக் கிடைத்துவிட்டது. முதலாவது தேரி. காயாமொழியைத் தாண்டியதும் கறுப்பும் பழுப்புமாக இருந்த நிலம் திடீரென்று செங்கல் பொடியாகிறது. குதிரைமொழித் தேரி என்று பள்ளிப் பாடத்தில் ஒரு வரி படித்த ஞாபகம். நேரில் பார்த்தால் அது மணலில் எழுந்த அலை. மணல் துகள்களின் மேல் படிந்த இரும்புச் சத்துதான் அந்தச் சிவப்புக்குக் காரணம். காற்று மணலை ஓரிடத்திலிருந்து அள்ளி இன்னோரிடத்தில் குவிப்பதால், சில பனைகள் பாதி உடம்பு புதைந்து, குடையை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கின்றன. எட்டு மணிக்கே அங்கே கூட்டிப்போனதன் அருமை அரை மணி நேரத்தில் தெரிந்தது. வந்தபோது காலுக்குக் குளிர்ந்த மணல், கிளம்பும்போது சுட ஆரம்பித்துவிட்டது. மகள் செருப்பைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு மேட்டில் ஏறி இறங்கினாள். ஆடிக் காற்றில் பறந்த மணல் கெண்டைக்காலில் ஊசிபோலக் குத்தியது. பதநீர் குடிக்கலாம் என்று நினைத்திருந்தேன். பருவம் முடிந்துவிட்டது என்றாள் வழிகாட்டி.

உடன்குடியில் ஒரு கருப்பட்டிக் கடையில் நிறுத்தினார்கள். புவிசார் குறியீடு வாங்கிய ஊராயிற்றே, நிறுத்தாமல் போனால்தான் தவறு. ஆனால் இருபது நிமிடம் எதற்கு? நாங்கள் விலை விசாரித்துக்கொண்டிருந்தபோது ஓட்டுநர் கல்லாவுக்குப் பின்னால் போய்க் கடைக்காரரோடு தனியாகப் பேசிவிட்டு வந்ததை நானும் பார்த்தேன், ஆசிரியரின் மனைவியும் பார்த்தார். இரண்டு பேரும் ஒன்றும் சொல்லிக்கொள்ளவில்லை. நான் இரண்டு கிலோ வாங்கினேன். அவர் எதுவும் வாங்கவில்லை. அம்பாசமுத்திரத்துக்காரர் அனுபவசாலி.

குலசேகரன்பட்டினத்தில் இறங்கவில்லை. முத்தாரம்மன் கோவில் தசராவுக்கு வேஷம் கட்டிக்கொண்டு லட்சக்கணக்கில் கூடும் ஊர். இப்போது இஸ்ரோவின் இரண்டாவது ஏவுதளத்துக்கும் அதுதான் இடம். 2024 பிப்ரவரியில் அடிக்கல் நாட்டினார்கள். முத்தாரம்மனையும் ராக்கெட்டையும் வழிகாட்டி ஒரே மூச்சில் சொன்னது நன்றாக இருந்தது.

இரண்டாவது இடம் மணப்பாடு. அதைப் பற்றி எழுதத்தான் உட்கார்ந்தேன் என்றுகூடச் சொல்லலாம். கடலுக்குள் நீண்டு நிற்கும் ஒரு மணற்குன்று. அதன் மேல் வெள்ளையாகத் திருச்சிலுவைக் கோவில். குன்றின் தெற்குப் பக்கம் அலை எழும்பி நொறுங்குகிறது; வடக்குப் பக்கத்தில் அதே கடல் குளம்போலக் கிடக்க, நாட்டுப்படகுகள் வரிசையாக இளைப்பாறுகின்றன. கருமேனியாறு வந்து சேரும் கழிமுகம் ஊரை ஒட்டியே விரிந்திருக்கிறது. "இது கச்சான், தென்மேற்குக் காற்று அக்கா. இந்தக் காற்றில் குன்றுதான் எங்கள் படகுக்கு மதில்" என்றாள். புகைப்படம் எடுக்க மட்டும் வந்திருந்தால் இந்த ஒரு வரி எனக்குக் கிடைத்திருக்காது.

கடலைப் பார்த்த பக்கத்தில் குகை. 1542-இல் இந்தக் கரைக்கு வந்த பிரான்சிஸ் சவேரியார் அதில் தங்கி ஜெபித்தார் என்பது ஊர் மரபு. செப்டம்பர் 14 திருவிழாவுக்கு எங்கெங்கிருந்தோ வருகிறார்கள். ஆசிரியர் நெற்றி நிறைய விபூதியோடு குகைக்குள் குனிந்து போய், சட்டையைத் தட்டிவிட்டுக்கொண்டு வெளியே வந்தார். பெங்களூர்த் தம்பதி பாறை விளிம்பில் செல்ஃபி எடுக்கப் போனபோது வழிகாட்டி குரலை உயர்த்தினாள். நாளில் ஒரே ஒரு முறைதான் உயர்த்தினாள். அவர்களுக்கு முகம் வாடியது. எனக்கு அவள் மேல் மரியாதை கூடியது.

தெருக்களில் உயரமான பழைய வீடுகள், தூண்களும் வளைவுகளுமாக. கொழும்பில் வியாபாரம் செய்த குடும்பங்கள் கட்டியவை. பல வீடுகள் பூட்டிக் கிடந்தன. "இவர்கள் எங்கே?" என்று மகள் கேட்டாள். தூத்துக்குடி, சென்னை, வெளிநாடு என்று பதில் வந்தது. மகள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் பனையோலைப் பெட்டி விலை கேட்கப் போய்விட்டேன். ஊர்ப் பெண்கள் சங்கமாகச் சேர்ந்து முடையும் பெட்டிகள். சாயம் தோய்த்த ஓலையில் நுணுக்கமான வேலை. பேரம் பேசும் எண்ணமே வரவில்லை.

இனி, எழுதத் தயங்குகிற ஆனால் எழுத வேண்டிய விஷயம்: கழிவறை. இந்தச் சாலையில் பெண்களுக்கு அதுதான் பெரிய கேள்வி. வழியில் ஒரு பெட்ரோல் பங்கில் நிறுத்தினார்கள். பூட்டு, சாவி யாரிடம் என்று அங்கே யாருக்கும் தெரியவில்லை. மணப்பாட்டில் மதியச் சாப்பாடு ஒரு வீட்டில். முதலில் பின்கட்டில் சுத்தமான கழிவறையைக் காட்டி, வாளியில் தண்ணீர் நிறைத்து வைத்துவிட்டுத்தான் அந்த வீட்டு அம்மா இலை போட்டார். சீலா மீன் குழம்பு, நெத்திலிப் பொரியல், சைவக்காரர்களுக்குத் தனி அடுப்பில் வைத்த சாம்பாரும் அவியலும். ஆசிரியர் தம்பதிக்கு முற்றத்தின் மறுபுறம் பாய் விரித்திருந்தார்கள். யாரும் சொல்லிச் செய்யவில்லை. முழங்கால் வலி என்று நான் எழுதியிருந்ததை நினைவில் வைத்து, எனக்கு மட்டும் ஒரு நாற்காலி போட்டிருந்தது. 2,400 ரூபாயில் எந்தப் பங்கு அந்த வீட்டுக்குப் போகிறது என்று கேட்டேன். வழிகாட்டி தொகையைச் சொன்னாள். குறைவு என்று எனக்குத் தோன்றியது. கிளம்பும்போது அந்த அம்மாவின் கையில் தனியாகக் கொடுத்தேன்; வாங்க மறுத்து, என் மகள் கையில் ஒரு பொட்டலம் கருவாட்டைத் திணித்தார். அது ஹீத்ரோ விமான நிலையம் வரை வருமா என்பது வேறு கதை.

அதன் பிறகு வேகம். உவரியில் கப்பல் வடிவில் கட்டிய மாதா கோவிலைப் பதினைந்து நிமிடத்தில் பார்த்தோம். தன் ஊர்ப் பக்கத்தையே இவ்வளவு அவசரமாகக் காட்ட வேண்டியிருக்கிறதே என்று வழிகாட்டிக்கும் வருத்தம் இருந்திருக்கும். காற்றாலைகள் அத்தனையும் பேய் பிடித்ததுபோலச் சுற்றிக்கொண்டிருந்தன. வட்டக்கோட்டையில் அரை மணி நேரம். குளச்சலில் 1741-இல் தோற்றுப் பிடிபட்டுப் பிறகு திருவிதாங்கூருக்கே தளபதியான, டச்சுப் படையில் வந்த டிலனாய் பலப்படுத்திய கோட்டை. மதிலில் நின்றால் துப்பட்டா கையில் நிற்காது. அங்கே இன்னும் கொஞ்ச நேரம் தந்திருக்கலாம், உடன்குடி இருபது நிமிடத்தை இங்கே போட்டிருக்கலாம்.

கன்னியாகுமரிதான் ஏமாற்றம். கடல் கொந்தளிப்பு, படகு நிறுத்தம். ஆடியில் இது அடிக்கடி நடப்பதுதான். யாரையும் குறை சொல்ல முடியாது. ஆனால் ஈப்போ தங்கை விவேகானந்தர் பாறைக்கும் வள்ளுவர் சிலைக்கும் நடுவே 2024 டிசம்பரில் திறந்த 77 மீட்டர் கண்ணாடிப் பாலத்தில் நடப்பதற்காகவே வந்தவர். கரையில் நின்று கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு பார்த்தார். வழிகாட்டி அவர் பக்கத்தில் நின்று, அறத்துப்பாலின் 38 அதிகாரத்துக்கு 38 அடி பீடம், மீதி 95 அதிகாரத்துக்கு 95 அடி சிலை என்று விளக்கினாள். மகள் விரல் விட்டுக் கூட்டி, "133!" என்றாள்.

படகு டிக்கெட் எங்கள் கட்டணத்திலேயே சேர்ந்தது. போகாத படகுக்குப் பணம் திரும்ப வருமா என்று கேட்டதற்கு, "ஆபீஸில் கேட்டுச் சொல்கிறேன் அக்கா" என்றாள். அவள் கையில் எதுவும் இல்லை என்பது முகத்திலேயே தெரிந்தது. இரண்டு வாரம் ஆகிறது. கேள்வி கேட்டால் அரை மணி நேரத்தில் பதில் தந்த அதே வாட்ஸ்அப் எண்ணில் நீல நிற டிக் மட்டும் விழுந்திருக்கிறது. ஆடி, ஆனி மாதங்களில் போகிறவர்கள் படகுப் பணத்தைப் பற்றி முன்பே எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

ஒன்பது மணிக்குத் திரும்புவோம் என்றார்கள். பத்து இருபது ஆனது. வீட்டில் சித்தி விழித்திருந்தார். கருவாட்டை முகர்ந்து பார்த்து, "நல்ல சரக்கு" என்று அடுக்களைக்குள் கொண்டுபோனார். பிறகு கருப்பட்டியில் ஒன்றை எடுத்து அம்மிக்குழவியால் ஒரே போடு போட்டு, உடைந்த இடத்தை விளக்கு வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார்.

"மினுங்குகிறதே. சீனி கலந்திருக்கிறான். யார் சொல்லி வாங்கினாய்?"

"வேன் நின்ற கடை, சித்தி."

"அந்தப் பிள்ளையிடம் கேட்டிருக்கலாமே, அவள் வீட்டுக்கு எங்கே வாங்குகிறாள் என்று."

கேட்கவில்லை. அவளுடைய எண் இருக்கிறது. நாளைக்குக் கேட்க வேண்டும்.