கறுப்புச் சுவரா, மூன்று வீரர்களா?

நவீன கலை மேல் பழமைவாதிகளுக்கு ஏன் இத்தனை கோபம்? வாஷிங்டனில் வியட்நாம் போரில் இறந்தவர்களுக்காக அருகருகே நிற்கும் இரண்டு நினைவுச்சின்னங்களைப் பார்த்தால் புரியும்.

முதலாவது ஒரு சுவர். 1982-இல் திறக்கப்பட்ட அதை வடிவமைத்தவர் மாயா லின். 1,421 வரைவுகளில் அவருடையது தேர்வானபோது அவர் 21 வயது மாணவி. கொடி கிடையாது, வீரனின் உருவம் கிடையாது. மண்ணுக்குள் இறங்கும் கறுப்புக் கிரானைட்டும் பெயர்களும் மட்டுமே. அந்தப் போரில் காயம்பட்ட டாம் கார்ஹார்ட் அதை அவமானத்தின் கறுப்பு வெட்டு என்றார். அன்றைய அமெரிக்க அமைச்சர் ஜேம்ஸ் வாட் கட்டுவதற்கான அனுமதியை நிறுத்தி வைத்தார். சிலை ஒன்றும் கொடியும் சேர்ப்பதாக ஒப்புக்கொண்ட பிறகே வேலை தொடங்கியது.

1984-இல் வந்த அந்தச் சிலை ஃபிரெடரிக் ஹார்ட்டுடையது. வெண்கலத்தில் மூன்று இளைஞர்கள், தோட்டா வார், களைத்த கண்கள். யாரும் விளக்க வேண்டியதில்லை, பார்த்தவுடன் பிடிபடும். பொதுமக்களுக்கான கலை அவர்களுக்குப் புரிய வேண்டும் என்ற பழமைவாதிகளின் வாதத்தில் நியாயம் இருக்கிறது. அதை ஏளனம் செய்தவர்கள் மேல் எனக்கு வருத்தமே.

ஆனாலும் என் மனம் சுவர் பக்கம்தான். 58,000-க்கும் மேற்பட்ட பெயர்கள், அகர வரிசையில் அல்ல, இறந்த நாள் வரிசையில். ஒன்றாக விழுந்தவர்கள் ஒன்றாகவே இருக்கிறார்கள். பளபளக்கும் அந்தக் கல் (பெங்களூரிலிருந்து போனது) பார்ப்பவர் முகத்தையும் பெயர்களுக்கு நடுவே காட்டும். ஒரு தாள், ஒரு பென்சில். வருபவர்கள் தாளைப் பெயர்மேல் வைத்துத் தேய்த்து, பதிந்த பெயரை மடித்து எடுத்துப் போகிறார்கள்.