சதுர அடிக் கணக்கில் ஒரு கிரீன்விச் விதானம்

தேவிபட்டினத்துக்கு அருகிலுள்ள பள்ளி ஒன்றில் வரலாறு கற்பிக்கும் நான், ஒன்பதாம் வகுப்பு அறையின் உட்கூரையில் பொருத்துவதற்காக, லண்டனிலுள்ள கிரீன்விச்சில் ஒரு மண்டபத்தின் மேற்கூரையில் ஜேம்ஸ் தார்ன்ஹில் என்ற ஆங்கில ஓவியர் தீட்டிய விதான ஓவியத்தைக் கேன்வாஸ் பிரிண்டாக எடுத்தேன். ராமநாதபுரம் அரண்மனைப் பகுதியிலுள்ள சிறிய அச்சகம் ஒன்று அதைச் செய்து தந்தது. எட்டடிக்கு நான்கடி; சதுர அடிக்கு 120 ரூபாய் வீதம் 3,840 ரூபாயும், மரச்சட்டத்துக்குத் தனியாக 1,400 ரூபாயும் ஆயின. தார்ன்ஹில்லும் அளந்துதான் கூலி வாங்கினார்: விதானத்துக்குச் சதுர கெஜத்துக்கு மூன்று பவுண்டு, சுவருக்கு ஒரு பவுண்டு. 1707இல் தொடங்கிய அந்த வேலை 1726இல்தான் முடிந்தது.

முதலில் அச்சகத்துத் தம்பி பளபளப்பான பிளக்ஸில் ஒரு மாதிரி அடித்துக் காட்டினார். அது சிறிதும் சரிவரவில்லை. அந்தக் காலத்து ஆங்கில பரோக் (ஆடம்பரமும் ஒளி-நிழல் நாடகமும் நிறைந்த பாணி) ஓவியத்தின் உயிர் பழுப்பு நிழல்களிலும், அவற்றைப் பிளந்துகொண்டு மேலேறும் பொன்னொளியிலும் இருக்கிறது. பிளக்ஸில் நிழல் முழுவதும் கறுப்பாக இறுகிவிட, இங்கிலாந்தின் மூன்றாம் வில்லியம் மன்னரின் காலடியில் ஒடுங்கிக் கிடக்கும் பிரான்சு மன்னர் பதினான்காம் லூயி கண்ணுக்கே தெரியவில்லை. அவர் தெரியாவிட்டால், அமைதியும் சுதந்திரமும் கொடுங்கோன்மையை வென்றதைச் சொல்ல வந்த ஓவியத்துக்குப் பொருளே இல்லை. இதை விளக்கியபோது அந்தத் தம்பி பொறுமையாகக் கேட்டு, மினுமினுப்பில்லாத கேன்வாஸில் நிழலை இரண்டு படி வெளுப்பாக்கி ஓரடித் துண்டு ஒன்றை இலவசமாக அடித்துக் காட்டினார். லூயியின் முகமும், பெண்ணாக உருவகிக்கப்பட்ட ஐரோப்பாவின் கையில் வில்லியம் தரும் சிவப்புச் சுதந்திரத் தொப்பியும் தெளிவாக வந்திருந்தன. வண்ணத்தில் இவ்வளவு அக்கறை காட்டும் அச்சகத்தை நம் பக்கத்தில் நான் இதுவரை கண்டதில்லை.

குறை, வெட்டுவதில் நேர்ந்தது. சட்டத்துக்குள் அடங்குவதற்காக ஒரு முனையில் நான்கு அங்குலத்தை என்னைக் கேட்காமலே நறுக்கிவிட்டார்கள். அந்த முனையில்தான் வானியலாளர் ஜான் பிளாம்ஸ்டீட், 1715 ஏப்ரல் 22ஆம் நாள் நிகழவிருந்த சூரிய கிரகணத்தைக் கணித்த தாளோடு இருக்கிறார். அரசர் புகழுக்காக எழுந்த படத்தில் அறிவியலாளர் ஒருவருக்கும் இடம் கிடைத்தது மாணவர்களுக்குத் தெரிய வேண்டும் என்பதற்காகவே முழு விதானத்தையும் கேட்டிருந்தேன். தவற்றை ஏற்று மறுபடி அச்சிட்டுத் தந்தார்கள். கூடுதல் பணம் கேட்கவில்லை. ஆனால் ஒன்பது நாள் தாமதமாயிற்று.

பொருத்திய பிறகு பிள்ளைகள் பாய் விரித்துப் படுத்தபடி பார்க்கிறார்கள். அண்ணாந்து பார்க்க வரைந்த உருவங்கள் சுவரில் மாட்டினால் கோணலாகத் தோன்றும். இந்தப் பிரிண்ட் வாங்குவோர் கட்டாயம் கூரையிலேயே பொருத்த வேண்டும். பிள்ளைகளில் பலர் மீனவர் வீட்டுப் பிள்ளைகள். ஓவியம் உள்ள அந்த மண்டபம் 1694இல் நிறுவப்பட்ட முதிய மாலுமிகள் இல்லத்தின் உணவுக்கூடமாகத் திட்டமிடப்பட்டது என்றதும், அரசர்களை விட்டுவிட்டுக் கிழவர்களைத் தேடத் தொடங்கினார்கள். அங்கே குளிர்காலத்தின் உருவமாக இருப்பவர், அந்த இல்லத்தில் வாழ்ந்த ஜான் வொர்லி என்ற முதிய மாலுமி. சுருக்கம் விழுந்த அவர் முகம் இந்தப் பிரிண்டில் மிக நன்றாக வந்திருக்கிறது.

ராமநாதபுரம் அரண்மனையிலுள்ள ராமலிங்க விலாசத்தின் சுவரோவியங்களை இவர்கள் முன்பே பார்த்தவர்கள். அவையும் பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தைச் சேர்ந்தவை; அங்கே தேவி ராஜராஜேஸ்வரி ராமநாதபுரம் மன்னர் சேதுபதிக்குச் செங்கோல் தருகிறாள், ஐரோப்பியரும் மன்னரின் அவைக்கு வருகிறார்கள். தெய்வங்களுக்கு நடுவே அரசரை நிறுத்துவதில் இரண்டும் ஒன்றே. ஆனால் வில்லியமை அரியணைக்கு அழைத்தது பாராளுமன்றம். 1689இன் உரிமைச் சட்டம் அவர் கையைக் கட்டியது. அதனால்தான் அவர் ஒரு தொப்பியைக் கொடுப்பவராக வரையப்பட்டிருக்கிறார் என்று நான் கருதுகிறேன். இந்த ஒப்பீட்டை வகுப்பில் எளிதாகப் பேச முடிகிறது என்பதற்காகவே நான் செலவழித்த தொகை தகும்.

உப்புக்காற்றில் சட்டத்தின் ஆணிகள் மூன்றே மாதத்தில் துருப்பிடித்தன. துருப்பிடிக்காத எஃகுத் திருகாணிகளை நாமே வாங்கிக் கொடுத்துவிடுவது நல்லது. வண்ணம் இதுவரை மங்கவில்லை.

அதே மண்டபத்தின் மேற்குச் சுவர் ஓவியத்துக்கும் இப்போது சொல்லியிருக்கிறேன். பின்னாளில் அரசராக வந்த முதலாம் ஜார்ஜின் குடும்பத்துக்குக் கீழே, வலது மூலையில், கையை நீட்டியபடி நிற்பவர் தார்ன்ஹில்லேதான். இன்னும் கூலி வேண்டும் என்று அவர் கேட்பதாகப் பார்ப்பவர்கள் சொல்வதுண்டு. அவர் வெட்டுப்படாமல் இருக்க, சுற்றிலும் மூன்று அங்குலம் வெள்ளை விட்டு அச்சிடும்படி எழுதியே கொடுத்துவிட்டேன்.